அட்டை தேவைப்படாத நடிகர்

நடபுவாவில் எங்கள் பக்கத்து வீட்டுத் தையல்காரர் இளவயதில் சென்னையில் ஊமைப் படங்களில் நடித்தவர். கதாநாயகன் வேடம் ஒருபோதும் கிடைத்ததில்லை. பெரும்பாலும் துயரச் செய்தி கொண்டுவருபவன்தான்: போர்க்களத்திலிருந்து திரும்பும் காவலன், படகு கவிழ்ந்ததைச் சொல்ல வரும் மீனவன். ஊமைப் படத்தில் வசனத்தை அட்டையில் எழுதிக் காட்டுவார்கள். படிக்கத் தெரியாதவர்களுக்காகக் கொட்டகையில் ஒருவர் அதை உரக்கப் படிப்பார். இவர் வரும் காட்சிக்கு மட்டும் அட்டை வேண்டாம் என்று டைரக்டர் சொல்லிவிடுவாராம். அவர் பெருமையாகச் சொல்லிக்கொண்டது அது ஒன்றைத்தான்.

பேசும் படம் வந்ததும் அவருடைய கீச்சுக்குரல் யாருக்கும் வேண்டியிருக்கவில்லை. அண்ணன் எங்கள் தீவில், பக்கத்து நகரமான லௌட்டோகாவில் வைத்திருந்த தையல் கடைக்குக் கப்பலேறி வந்துவிட்டார். அவர் நடித்த படத்தை இங்கே யாரும் பார்த்ததில்லை. ஆனாலும் நான் நம்பினேன். காரணம், அவர் தொழிலைப் பற்றிப் பேசிய விதம்.

"சாவு சேதி கொண்டாறவன் அழுவக் கூடாது தம்பி," என்பார். "ஓடியாந்திருக்கான், மூச்சு வாங்கும். வாசல்ல கால் மண்ணத் தட்டுவான். உள்ள போவ மனசில்லாம இன்னொருக்கா தட்டுவான். அவ்ளோதான். கொட்டாயே அழுதுடும்."

ராணுவம் ஆட்சியைப் பிடித்த மறு ஆண்டு எங்கள் தெருவில் இந்தியர் வீடுகள் ஒவ்வொன்றாகக் காலியாயின. அவருடைய மருமகனும் பேரப்பிள்ளைகளும் முன்னதாகவே சிட்னிக்குப் போயிருந்தார்கள். விசா முடிவதற்குள் மகளும் போயாக வேண்டும். மனைவியை இழந்திருந்த அவர் கூடப் போக மறுத்துவிட்டார்.

நாண்டி விமான நிலையத்துக்கு என் காரில்தான் போனோம். அன்றைய டைரியில் பெட்ரோல் போட்டதையும் மழை இல்லாததையும் எழுதியிருக்கிறேன். மற்றதை இப்போதுதான் எழுதுகிறேன்.

வழி நெடுக மகள் அவரிடம் ஒரே கேள்வியைக் கேட்டுக்கொண்டு வந்தாள். "ஒண்டியா என்னா செய்வே, பாபா?" அவர் கரும்புத் தோட்டங்களைப் பார்த்துக்கொண்டே வந்தார்.

பயணிகளுக்கும் வழியனுப்ப வந்தவர்களுக்கும் நடுவே தடித்த கண்ணாடிச் சுவர். எங்கள் பக்கம் எல்லோரும் அதில் முகத்தை ஒட்டிக்கொண்டு கத்தினார்கள். அந்தப் பக்கம் ஒரு சொல்லும் கேட்காது. விமானத்துக்கு அழைப்பு வந்தபோது மகள் பெட்டியைக் கீழே வைத்துவிட்டு, போகமாட்டேன் என்று தலையாட்டினாள்.

"மாமா, சிரிச்சிக் காட்டுங்க. போயிடுவாங்க," என்றேன்.

"அட போ தம்பி. பொய்ச் சிரிப்பு அவளுக்குத் தெரியாதா? என் பொண்ணு."

கண்ணாடியிலிருந்து சற்றுப் பின்வாங்கினார். சோம்பல் முறித்தார். குழாயைத் திறந்து முகம் கழுவினார். ஸ்டவ்வைப் பற்றவைத்தார், தேநீரை ஆற்றினார், பொறுமையில்லாமல் குடித்து நாக்கைச் சுட்டுக்கொண்டார். அவருடைய மறுநாள் காலையைத்தான் காட்டுகிறார் என்று எனக்கும் புரிந்தது. சட்டை ஒன்றை மடியில் போட்டுக்கொண்டு ஊசியில் நூல் கோத்தார். தப்பியது. நுனியை நாக்கில் நனைத்து மறுபடி கோத்தார். தப்பியது. மூக்குக்கண்ணாடியைத் தேடு தேடென்று தேடினார். அது நெற்றியில் இருந்தது. மகள் வாயைப் பொத்திக்கொண்டாள்.

பிறகு ஊசியை என் பக்கம் நீட்டினார். நான் விழித்தேன். அவர் கை இறங்கவில்லை. மகளின் பார்வை என்மேல் வந்து நின்றது. இல்லாத ஊசியை வாங்கி, இல்லாத நூலைக் கோத்துத் திருப்பிக் கொடுத்தேன். அவர் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, சுமார்தான் என்று உதட்டைப் பிதுக்கினார். மகள் சிரித்துவிட்டாள். என்னைப் பார்த்து, தினமுமா என்பதுபோல் புருவத்தை உயர்த்தினாள். தலையசைத்தேன். அவள் பெட்டியைத் தூக்கிக்கொண்டு நடந்தாள்.

பக்கத்தில் தொண்டை கட்டிப்போயிருந்த ஓர் அம்மாள் அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். "ஐயா, எம் மவன்கிட்ட கம்பளிய மேலயே வச்சிக்கச் சொல்லுங்க. கத்திக் கத்தி என் உசுரு போவுது."

பற்கள் தந்தியடிக்க அவர் நடுங்கிக் காட்டினார். கண்ணாடிக்கு அப்பால் ஓர் இளைஞன் உடனே பையைத் திறந்தான்.

மறுநாள் அலுவலகம் போகுமுன் அவர் வீட்டுக்குப் போனேன். தேநீர் குடித்த டம்ளர் தையல் மெஷின்மேல் இருந்தது. மடியில் யாருடைய பள்ளிச் சட்டையோ. தலை நிமிராமல் ஊசியை நீட்டினார்.

"வா தம்பி. நேத்து நீ கோத்த நூலு ரொம்ப நீளம்."