சம்பந்தியோடு பாறை தாண்டிய நாள்

கடலோரமாக நடப்பதற்கு ஒருவர் வழிகாட்ட வேண்டும், அதற்கு முன்கூட்டியே பதிவு வேறு செய்ய வேண்டும் என்பதெல்லாம் என் மகள் சொல்லித்தான் எனக்குத் தெரியும். பெங்களூரில் வெள்ளிக்கிழமை ராத்திரி பஸ் ஏறினால் விடியும்போது கோகர்ணம். சனிக்கிழமை முழுக்க, மலையும் கடலும் முட்டிக்கொள்கிற இடமாகப் பார்த்து நடத்திக் கூட்டிப்போவார்கள். சாயங்காலம் திரும்பப் பஸ். ஒரு குழுவில் பத்துப் பேர்தான். ஐ.டி. பிள்ளைகள் போகிற சமாச்சாரம். அதற்கு என்னையும் என் மனைவியையும், மாப்பிள்ளையின் அப்பா அம்மாவையும் சேர்த்துப் பதிவு செய்துவிட்டு, தனக்கும் மாப்பிள்ளைக்கும் ஆபீசில் லீவு கிடைக்கவில்லை என்று சொல்லிவிட்டாள்.

லீவு கதை பொய் என்பது கிளம்புகிற அன்று தெரிந்தது. நீலசந்திராவில் எங்கள் வீட்டுக்கு வந்தவள், நான் பையில் துண்டு மடித்து வைப்பதைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு சொன்னாள். கல்யாணம் முடிந்து நாலைந்து மாதமாகிறது. அவளுடைய மாமனார் மாப்பிள்ளையிடம் கேட்டாராம், உன் மாமனாருக்கு நம்மைப் பிடிக்கவில்லையா, என்னோடு ஒரு நாளாவது நின்று பேசியிருக்கிறாரா என்று.

"தலைதீபாவளிக்கு அவங்களும் இங்க வரணும்னு எனக்கு ஆசைப்பா. நீ இப்படியே உம்முனு இருந்தா அவர் வரமாட்டார். இந்த ஒரு நாளாவது பேசு."

நான் தலையாட்டினேன். அதைத்தான் நான் நன்றாகச் செய்வேன்.

பேசுவது எனக்கு வராது. பத்தாவது முடித்ததும் பீன்யாவில் பிரெஸ் ஷாப்பில் சேர்ந்தேன். தகட்டை வைத்து அழுத்தி வெட்டுகிற இயந்திரங்கள் வரிசையாக ஓடுகிற கொட்டகை அது. அங்கே வாயைத் திறந்து பயனில்லை, பக்கத்தில் இருக்கிறவனுக்கே கேட்காது. எல்லாம் கை ஜாடைதான். நிறுத்து, எண்ணெய் விடு, சூப்பர்வைசர் வருகிறார், டீக்கு நேரமாச்சு, எல்லாவற்றுக்கும் ஒரு ஜாடை உண்டு. கூச்ச சுபாவக்காரனுக்கு அதைவிட நல்ல வேலை கிடைக்காது.

சம்பந்தியோடு பேச நான் முயற்சி செய்யாமல் இல்லை. நிச்சயதார்த்தத்தன்று ஒரு வாக்கியத்தை நாள் முழுக்க மனதுக்குள் சொல்லிப் பார்த்து, மெதுவாக அவர் பக்கத்தில் போய்ச் சொன்னேன். அவர் பெரிதாகச் சிரித்து, என் தோளைத் தட்டி, "அதெல்லாம் பார்த்துக்கலாம், போய் காபி சாப்பிடுங்க" என்று சொல்லிவிட்டு வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். அவ்வளவுதான் மதிப்பு என்று நினைத்துக்கொண்டேன். அதற்குப் பிறகு நானாகப் போய்ப் பேசவில்லை.

அவர் ஸ்ரீராமபுரத்துக்காரர். பஞ்சாலை மூடும்வரை அதில் வேலை பார்த்தவர் என்று கேள்வி. இப்போது வீட்டு முன்னறையில் மளிகைக் கடை. நல்ல உயரம், கனத்த குரல். நின்ற இடத்தில் நாலு பேரைச் சேர்த்துவிடுவார்.

கோகர்ணத்தில், வாழைப்பழம் பிசைந்து சுட்ட பூரி மாதிரியான பன்ஸும் காபியும் முடிந்ததும், வழிகாட்டி எங்களை மணலில் வட்டமாக நிற்க வைத்தார். அந்த ஊர்க்காரர், ஒல்லியான ஆள். நாங்கள் எல்லாரும் ஷூ போட்டிருக்க, அவர் மட்டும் ரப்பர் செருப்பு. ஒவ்வொருவரும் பெயர், வேலை, யாருக்கும் தெரியாத ஒரு விஷயம் சொல்ல வேண்டும் என்றார். ஐ.டி. பிள்ளைகளுக்கு இது பழக்கம் போலிருக்கிறது. ஒரு பெண், தான் நின்றுகொண்டே தூங்குவேன் என்றாள். என் முறை வந்தது. பெயரைச் சொன்னேன். பீன்யா என்றேன். அதோடு நிறுத்திக்கொண்டேன்.

பக்கத்தில் நின்ற சம்பந்தி எனக்காகப் பேசினார். "இவர் எங்க சம்மந்தி. பெரிய மனுஷர். வாயைத் திறந்தா முத்து உதிர்ந்துடும்னு பத்திரமா மூடி வெச்சிருக்கார்."

அதையே கன்னடத்திலும் ஒரு தரம் சொன்னார். எல்லாரும் சிரித்தார்கள். அதிகமாகச் சிரித்தது என் மனைவி.

மழைக்காலம் முடிந்து சில நாள்தான் ஆகியிருந்தது. முதலில் ஒரு மேடு. செம்பாறை, தேன்கூடு மாதிரி ஓட்டை ஓட்டையாக இருந்தது. மேலே முழங்கால் உயரப் புல், கீழே எட்டிப் பார்த்தால் கறுத்த பாறைகள், அவற்றில் கடல் வந்து வந்து உடைந்துகொண்டிருந்தது. ஒரு மேடு ஏறி இறங்கினால் பிறை மாதிரி ஒரு சின்ன மணல்வெளி. அங்கிருந்து இன்னொரு மேடு. என் மனைவியும் சம்பந்தியம்மாவும் கையைக் கோத்துக்கொண்டு முன்னால் போனார்கள். அவர்களுக்குள் பேச்சு பஸ்ஸில் ஆரம்பித்தது, இன்னும் மூச்சு விடவில்லை.

நான் என் வேலையைத் தொடங்கினேன். முதல் மேட்டில், ஒரு முந்திரி மர நிழலில் அவர் நின்றபோது, கடல் நன்றாக இருக்கிறது இல்லையா என்று கேட்டேன். அவர் கடலையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு திடீரென்று என் பக்கம் திரும்பி, அரிசி மூட்டையைக் கடைக்குள் ஏற்ற ஆள் கிடைக்காத கஷ்டத்தைச் சொல்ல ஆரம்பித்தார். இரண்டாவது மேட்டில், முட்டி வலிக்கிறதா என்று கேட்டேன். அவர் அந்த வழிகாட்டியின் செருப்பைக் காட்டி, இவனுக்கு வழுக்காதா என்று வியந்தார். மூன்றாம் தடவை நான் வாயைத் திறப்பதற்குள் அவரே பேசத் தொடங்கிவிட்டார். கோபமாக இருக்கிறார், பழிக்குப் பழி வாங்குகிறார் என்று முடிவு செய்தேன். தீபாவளி கையை விட்டுப் போய்விட்டது என்றே தோன்றியது.

பகல் சாய ஆரம்பிக்கிற நேரத்தில் ஒரு முனைக்கு வந்தோம். மலை நேராகக் கடலுக்குள் இறங்கியிருந்தது. அடியில் கறுப்புப் பாறைகள் மீதாகத்தான் சுற்றிக்கொண்டு அந்தப் பக்கம் போக வேண்டும். தண்ணீர் ஏறுவதற்குள் தாண்டிவிடலாம், ஒவ்வொருவராக வாருங்கள், நிதானா, ஜாருத்தே, மெதுவாக, வழுக்கும் என்று வழிகாட்டி பல தரம் எச்சரித்தார். பிள்ளைகள் ஆடு மாதிரி தாவிப் போனார்கள். பெண்கள் இருவரையும் அவரே கைபிடித்துக் கூட்டிப்போனார். அடுத்து சம்பந்தி. கடைசியாக நான். நான் கொஞ்சம் உயரமான பாறையில் நின்றிருந்தேன். அங்கே அலைச் சத்தம் எங்கள் கொட்டகைச் சத்தத்துக்குக் கொஞ்சமும் குறைந்ததில்லை.

சம்பந்தி பாதி வழியில் இருந்தார். கடலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு அடுத்த காலை எங்கே வைப்பது என்று பார்த்துக்கொண்டிருந்தார். அப்போது மற்றவற்றை விட உயரமாக ஒரு அலை எழும்புவது எனக்குத் தெரிந்தது. அந்தக் கரையிலிருந்து வழிகாட்டி வாயில் கை குவித்துக் கத்தினார். பிள்ளைகளும் கத்தினார்கள். சம்பந்தி நிமிரவே இல்லை. காலை எடுத்து வைக்கப் போனவர், நான் வருகிறேனா என்று பார்ப்பதற்காக என் பக்கம் திரும்பினார்.

என் கை தானாக எழும்பியது. முழங்கையை மடித்து, முஷ்டியை மூடி மேலே தூக்கினேன். எங்கள் ஷாப்பில் அப்படிக் காட்டினால் கையை எடு, நிறுத்து என்று அர்த்தம். உடனே உள்ளங்கையைக் கீழே அழுத்தினேன், உட்கார் என்று. அவர் ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. அப்படியே குந்தி, பாறையைக் கட்டிக்கொண்டார். அலை வந்து அவர் தலைக்கு மேலாக உடைந்து வழிந்தது. தண்ணீர் வடிந்ததும் விரலைச் சுழற்றிக் காட்டினேன், இயந்திரத்தை ஓட்டு, இனி போகலாம் என்று.

அவர் எழுந்தார். சட்டை உடம்போடு ஒட்டியிருந்தது. நடக்காமல் என்னைப் பார்த்துக் கட்டைவிரலை உதட்டுக்குக் கொண்டுபோய்ச் சாய்த்துக் காட்டினார்.

டீ.

நான் மணிக்கட்டைத் தட்டி, விரலை இப்படியும் அப்படியும் ஆட்டினேன். இன்னும் மணி அடிக்கவில்லை. அவர் பாறை மேல் நின்றபடியே சிரித்தார். சத்தம் கேட்கவில்லை, பற்கள் மட்டும் தெரிந்தன.

நான் அந்தக் கரைக்குப் போய்ச் சேர்ந்தபோது அவர் எனக்காகக் காத்துக்கொண்டிருந்தார். எந்த மில்லு என்று கேட்டார். மில்லு இல்லை என்று சொல்ல வாயெடுத்து, அதை விட்டுவிட்டு, ஒரு உள்ளங்கையை நீட்டி அதன்மேல் மற்ற கையின் முஷ்டியை இறக்கிக் காட்டினேன். பிரெஸ் என்று அவருக்குப் புரிந்துவிட்டது. பதிலுக்கு அவர் கையை இடமும் வலமும் வீசிக் காட்டினார். நூலோடு நாடா இங்குமங்கும் ஓடுகிற தறி. வேலை பார்த்த காலமெல்லாம் தறிக்கூடத்தில் இருந்திருக்கிறார். அங்கேயும் கைப்பேச்சுதான்.

பிறகு என்னைக் கொஞ்சம் தள்ளிக் கூட்டிப்போனார்.

"சம்மந்தி, உங்களுக்குள்ளயே வெச்சுக்கோங்க. இந்தக் காது தறியிலயே போயிடுச்சு. அந்தக் காது பாதி. எதுத்தாப்ல இருக்கறவங்க ஏதாவது கேட்டுடுவாங்களோன்னுதான் நானே பேசிட்டு இருக்கறது. வீட்ல நான் எதையும் கவனிக்கறதில்லைன்னு திட்டுவாங்க. திட்டட்டும், செவிடன்னு சொல்றதுக்கு அது பரவாயில்ல."

நான் தலையாட்டினேன். வழக்கம்போலத்தான். ஆனால் இந்த முறை அவர் வேறு பேச்சுக்குப் போகவில்லை.

"நிச்சயத்தன்னைக்கு என்கிட்ட வந்து ஏதோ சொன்னீங்க. காதுல விழல. திருப்பிக் கேக்க வெட்கமா போச்சு. அப்புறம் நீங்க முகம் கொடுத்தே பேசல, நான் ஏதோ தப்பா பதில் சொல்லிட்டேன் போலன்னு நினைச்சிட்டேன். என்ன சொன்னீங்க அன்னைக்கு?"

அதற்கு எங்கள் ஷாப்பில் ஜாடை கிடையாது. அவருடைய நல்ல காது எது என்று கேட்டு அந்தப் பக்கம் போனேன். அலையையும் தாண்டிக் கேட்க வேண்டுமே என்று மூச்சை இழுத்துக்கொண்டு, என் ஆயுளில் முதல் தடவையாக, கத்தினேன்.

"எங்க பொண்ணு காலைல சீக்கிரம் எழுந்திரிக்க மாட்டா, ஒண்ணும் சொல்லிடாதீங்கன்னு சொன்னேன்."

அந்த நேரம் பார்த்து அலை அடங்கியிருந்தது. மணலில் இருந்த அத்தனை பேரும் திரும்பினார்கள். தூரத்தில் செருப்பிலிருந்து மணலைத் தட்டிக்கொண்டிருந்த சம்பந்தியம்மா அங்கிருந்தே பதில் சொன்னார்.

"அது எங்களுக்கு ரெண்டாம் நாளே தெரிஞ்சுபோச்சு அண்ணா."

சம்பந்தி என் தோளைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். வழிகாட்டிக்குத் தமிழ் தெரியாது. சாருக்கு இவ்வளவு குரல் இருக்கிறதே, காலையில் எங்கே வைத்திருந்தார் என்று கன்னடத்தில் கேட்டார்.

அப்புறம் நாங்கள் வாயைத் திறக்கவே இல்லை. அதற்குத் தேவையும் இருக்கவில்லை. நண்டு போகிறது, வழுக்கும், அந்தப் பையன் அந்தப் பெண்ணுக்காகத்தான் வந்திருக்கிறான், உங்க வீட்டம்மா களைத்துவிட்டார், எல்லாம் கையிலேயே ஓடியது. ஐ.டி. பிள்ளைகள் எங்களைச் சுற்றிக்கொண்டு, அங்கிள் இதுக்கு என்ன, அதுக்கு என்ன என்று கேட்டுக் கற்றுக்கொண்டார்கள். நின்றுகொண்டே தூங்குகிற பெண் சூப்பர்வைசர் வருகிற ஜாடையை எழுதி வைத்துக்கொள்ளாத குறைதான். ஆபீஸ் மீட்டிங்கில் உதவும் என்றாள்.

கடைசி மணல்வெளியில் ஒரு கீற்றுக் கடையில் மீன் சாப்பாடு சாப்பிட்டோம். கடலுக்குள் சூரியன் இறங்கிக்கொண்டிருந்தது. பெண்கள் எதிரே உட்கார்ந்து ஓயாமல் பேசிக்கொண்டிருந்தார்கள். இதுதான் சமயம் என்று தோன்றியது. சம்பந்தியின் முழங்கையைத் தொட்டேன். இரண்டு கை விரல்களையும் மூடி, பட்டென்று விரித்துக் காட்டினேன், பட்டாசு மாதிரி. அவரைக் காட்டினேன், சம்பந்தியம்மாவைக் காட்டினேன். பிறகு என் நெஞ்சைத் தொட்டு, இலையில் சாப்பிடுகிற மாதிரி கையை வாய்க்குக் கொண்டுபோனேன்.

அவர் மீன் முள்ளை எடுத்து இலையோரம் வைத்தார். கொஞ்சம் யோசித்தார். பிறகு இரண்டு ஆள்காட்டி விரல்களையும் தலைக்கு மேல் கொம்பு மாதிரி நிறுத்தி, புருவத்தைத் தூக்கினார்.

ஆட்டுக்கறி உண்டா என்று கேட்கிறார். உண்டு என்று தலையாட்டினேன். அவர் காற்றில் கட்டைவிரலை வட்டமாகச் சுழற்றினார். அந்த ஜாடை எனக்குத் தெரியாது. ஆனால் முகத்தைப் பார்த்தால் தறி நன்றாக ஓடுகிறது என்றுதான் இருக்க வேண்டும்.

பஸ்ஸில் ஏறி உட்கார்ந்ததுமே மகளின் போன். அவளுக்கு என்னைவிட அம்மாவிடம்தான் நம்பிக்கை, அவளைத்தான் கூப்பிட்டாள். அப்பா பேசினாரா என்று கேட்டிருக்க வேண்டும்.

"எங்க பேசினார்? ஒரே ஒரு தரம் கத்தினார், அதுவும் உன் மானத்தை வாங்கறதுக்கு. அப்புறம் ரெண்டு பேரும் சாயங்காலம் வரைக்கும் பைத்தியம் மாதிரி கையை ஆட்டிட்டே இருந்தாங்க."

போன் என் கைக்கு வந்தது. அந்தப் பக்கம் மகளின் குரல் இறங்கிப் போயிருந்தது. "அப்போ தீபாவளிப்பா?" என்றாள்.

நடைபாதைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்த சம்பந்தி என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். யார் போனில், என்ன கேள்வி என்று அவருக்கு யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. ஈரம் காயாத சட்டையோடு, பஸ் முழுக்கப் பார்க்க, இரண்டு விரல்களையும் எடுத்துத் தலைக்கு மேல் கொம்பாக நிறுத்தினார்.

"கறி கொஞ்சம் கூடுதலாவே எடுக்கணும்மா," என்றேன்.