இன்னா என்றால் சிரிப்பார்கள்

எட்டு வருடத்தில் ஆறு படம் நடித்தேன். எல்லாம் விழாக்களுக்குப் போகிற சின்னப் படங்கள். ஒன்றுகூட எங்கள் ஆலங்காயம் பக்கத்துத் தியேட்டருக்கு வரவில்லை. அதற்குள் அம்மாவுக்குச் சர்க்கரையில் இரண்டு கண்ணும் போயிற்று. கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம் என்பார்களே, எங்கள் வீட்டில் அது நிஜமாகவே நடந்தது. இனி அவள் என்னைத் திரையில் பார்க்க முடியாது. படத்தில் என் குரலையாவது அவள் கேட்டுவிட வேண்டும் என்று எனக்கு வெறியே பிடித்திருந்தது.

ஆறாவது படத்தை ஜவ்வாது மலையில் எடுத்தார்கள். குழந்தையைப் பறிகொடுத்தவள் வேடம் எனக்கு. நானே டப்பிங் பேசுகிறேன் என்று இயக்குநரிடம் கெஞ்சினேன்.

"நீங்க 'இன்னா'ன்னு சொன்னா ஜனங்க சிரிச்சிடுவாங்க. அது காமெடியன் பேசுற பேச்சு," என்றார்.

நான் பிறந்ததிலிருந்து அம்மா என்னோடு பேசுகிற பேச்சு அது. ஆத்திரத்தை விழுங்கிக்கொண்டு, காலில் விழாத குறையாகக் கேட்டேன். குழந்தையைப் புதைத்துவிட்டு வந்து தாய்வீட்டுக் கதவைத் தட்டுகிற காட்சியில் மட்டும் என் குரலையே வைப்பதாகச் சொன்னார். அந்த ஒரு காட்சியை நம்பித்தான் அம்மாவை ஜீப்பில் ஏற்றினேன்.

நெல்லிவாசல்நாட்டில், படத்தில் தலைகாட்டிய ஊர்க்காரர்களுக்காகப் பள்ளிக்கூட அறையில் போட்டுக் காட்டினார்கள். மத்தியான வெயிலை மறைக்க ஜன்னலில் கோணிப்பை கட்டியிருந்தது. மலை வளைவுகளில் வாந்தி எடுத்து ஓய்ந்துபோன அம்மா என் கையைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தாள்.

"நீ வந்தா சொல்லு."

"சொல்லவே வாணாம். உனக்கே தெரியும்."

திரையில் என் முகம் வந்தது. வேறு எவளோ பேசினாள். அது எதிர்பார்த்ததுதான். கதவுக் காட்சிக்காகப் பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருந்தேன். படப்பிடிப்பில், "யம்மா, இன்னாமா, வூட்ல யாரும் இல்லியா?" என்று தொண்டை கிழியக் கத்தியிருந்தேன். திரையில் அந்த வழவழப்பான குரலே, "அம்மா, என்னம்மா, வீட்டுல யாரும் இல்லையா?" என்றது. இயக்குநர் வாக்குத் தவறிவிட்டார்.

"இன்னும் நீ வரலியா?" என்றாள் அம்மா.

எனக்குப் பைத்தியம் பிடித்தாற்போல் ஆகிவிட்டது. அவள் காதில் வாயை வைத்து, திரையில் அசைந்த என் உதட்டுக்கு நானே பேச ஆரம்பித்தேன்.

"யம்மா, கதவத் தொற. புள்ளய மண்ணுல வெச்சிட்டு வர்றேன்மா."

அந்த அழுகை நடிப்பில்லை. பின்னாலிருந்து ஒருவர், "இன்னாமா இது, படம் பாக்க வுடுமா," என்று அதட்டினார். அவர் சொன்ன இன்னாவுக்கு யாரும் சிரிக்கவில்லை. நான் நிறுத்தவும் இல்லை.

அம்மா இருட்டில் என் முகத்தைத் தடவி, வாயைத் தேடிப் பொத்தினாள்.

"கம்முனு இரு. அந்தப் பொண்ணு இன்னாமா அழுவுது, பாவம். அத கேக்க வுடு."

கேட்டேன். அவள் நன்றாகத்தான் அழுதாள்.