சுழி நேரத்தில் பின்கதவு

மண்டப வாசலில் தலை எண்ணுகிறவனுக்கு ஒன்று கூடினாலும் பிழை, ஒன்று குறைந்தாலும் பிழை. இதே வேலை செய்கிற உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. நேரச் சுழி லண்டனுக்குள் வரத் தொடங்கிய பிறகு எங்களைப் போன்ற வாசல்காரர் இல்லாமல் எந்த மண்டபமும் திறப்பதில்லை.

அந்தச் சனிக்கிழமை கிங்ஸ்பரியில் ஒரு சாமத்திய வீடு, பெரியபிள்ளையான ஒரு பெண்ணுக்குப் பூப்புச் சடங்கு. பதினொன்று இருபதுக்குக் கவுன்சில் சைரன் அடித்தபோது உள்ளே இருந்தவர்கள்: பிள்ளை, தாய், தகப்பன், தகப்பனின் தங்கையான மாமி, ஐயர், மேளக்காரர் இருவர், வீடியோக்காரர் இருவர், மேக்கப் செய்கிற பெண், சாப்பாட்டுக்காரர் மூவர், சோடனைக்காரர் இருவர், கார்டில் பத்து மணி என்று போட்டிருந்ததை நம்பிப் பத்துக்கே வந்துவிட்ட பக்கத்து வீட்டு வெள்ளைக்காரத் தம்பதி, நான். ஆகப் பதினெட்டு. மற்ற விருந்தாளிகள் எல்லாரும் வழக்கம்போல அப்போதுதான் வீட்டில் சேலை உடுத்திக்கொண்டிருந்தார்கள்.

வாடாத கறிவேப்பிலை

“ஒன்பது நிமிசம்தானே, ஏன் இந்தக் கெடுபிடி?” என்று மாமி கேட்டார். சுழி வந்து நிற்கும்போது உள்ளே இருந்தால் ஒன்றுமில்லை. வெளியே நின்றாலும் ஒன்றுமில்லை. அந்த ஒன்பது நிமிடத்துக்குள் கட்டடத்தின் வாசற்படியைத் தாண்டினால்தான் ஆபத்து. தாண்டியவர் மறைந்துவிடுவார். நாளைக்கும் வரலாம், நாற்பது வருடம் கழித்தும் வரலாம்.

நான் டூட்டிங்கில் ஒரு மரக்கறிக் கடை வாசலில் நின்ற காலத்தில், ஒருவர் என் கையைத் தட்டிவிட்டு வெளியே காலை வைத்தார். பதினொரு வருடம் கழித்து அதே படியில் வந்து நின்றார். கையிலிருந்த கறிவேப்பிலை வாடியிருக்கவில்லை. அவருடைய மனைவி வேறு கலியாணம் செய்து கனடாவுக்குப் போய்விட்டார். அது அவருக்குத் தெரியாது. அவர் தெருவைப் பார்த்துவிட்டு என்னிடம் கேட்டார்: “காரை மஞ்சள் கோட்டில விட்டிட்டு வந்தனான் அண்ணை, டிக்கெட் போட்டிருப்பாங்களோ?”

கண்ணாடிக்கு வெளியே

முன்கதவைப் பூட்டி மூன்றாவது நிமிடம் தாய்மாமன் வந்து சேர்ந்தார். பிள்ளையின் தாய்க்கு ஒரே தம்பி. தகப்பனோடு கோபித்து இரண்டு வருடம் பேச்சில்லாமல் இருந்தவர், மருமகளுக்காக மனம் மாறி வந்திருந்தார். தாய்மாமனை வீட்டுக்காரர் வாசலில் நின்று கைகூப்பி அழைக்க வேண்டும் என்பது உங்களுக்குத் தெரியும். அவர் கண்டதோ பூட்டிய கண்ணாடிக் கதவையும், தலையை ஆட்டி ஆட்டி மணிக்கூட்டைக் காட்டுகிற என்னையும். காரில் பாட்டுப் போட்டிருந்ததால் சைரன் கேட்கவில்லையாம்.

சத்தம் போட்டுப் பேச எனக்கு வராது. “ஐயா, அவன் மழையில நிக்கிறான், ஒருக்கால் திறந்துவிடுங்கோ” என்று தாய் என் கையைப் பிடித்தார். நான் திறப்பைப் பூட்டிலிருந்து எடுத்துச் சட்டைப் பைக்குள் போட்டேன். தாயின் போன் அடித்தது. அவரை ஒரு வார்த்தை சொல்லவிடாமல் தம்பி கத்திவிட்டு வைத்தது எங்கள் எல்லாருக்கும் கேட்டது: “கூப்பிட்டுப்போட்டுக் கதவைப் பூட்டி வைச்சிருக்கிறியளோ அக்கா? ஐஞ்சு நிமிசம் நிப்பன், பிறகு ஹரோவுக்குத் திரும்பிப் போறன்!”

பதினெட்டு

சுழி போய்விட்டதென்று சைரன் அடித்தது. கதவைத் திறந்தேன். தாய்மாமன் நனைந்தபடி உள்ளே வந்தார். நான் எண்ணினேன். பதினெட்டு. தாய் கையெடுத்துக் கும்பிட்டார்.

எனக்குத்தான் கணக்கு இடித்தது. வந்தவரோடு பத்தொன்பது இருக்க வேண்டும். மறுபடி பெயர் பெயராக எண்ணினேன். தகப்பன் இல்லை.

சமையலறைப் பின்கதவை, தீ விதிப்படி, பூட்ட முடியாது. சாப்பாட்டுக்காரரில் மூத்தவரை அதில் நிற்கச் சொல்லியிருந்தேன். சுழியின் ஏழாவது நிமிடத்தில், “மச்சான் கோவிச்சுக்கொண்டு போகப்போறார், நான் போய்க் கூட்டிக்கொண்டு வாறன்” என்று சொல்லித் தகப்பன் அந்த வழியால் போயிருக்கிறார். ஏன் மறிக்கவில்லை என்று கேட்டேன். அந்தக் கதவில் நானே நின்றிருக்க வேண்டும் என்பது எனக்குத் தெரியாமல் இல்லை. அவர் கரண்டியைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னார்: “வீட்டுக்காரரை நான் எப்பிடி ஐயா மறிக்கிறது? அவற்ர விசேசமெல்லோ!”

வெட்டாத கேக்

நல்ல நேரம் போகிறது என்று ஐயர் சொன்னதால் சடங்கை நடத்தினார்கள். பன்னிரண்டரையிலிருந்து விருந்தாளிகள் வந்தார்கள். முந்நூற்று முப்பத்திரண்டு பேர். சாப்பிட்டார்கள், தாயின் கையைப் பிடித்து ஏதோ சொன்னார்கள், போனார்கள். தாய்மாமன் பின்கதவடியில் வெங்காயப் பெட்டியொன்றில் குந்தியிருந்தார். தண்ணீர்கூடக் குடிக்கவில்லை.

மாமி என்னைப் பார்க்கிறபோதெல்லாம் நான் தலையைக் குனிந்துகொண்டேன். பதினொரு வருடக் கதையை அவருக்குச் சொல்லியிருக்கக் கூடாது. நாலு மணிக்கு வீடியோக்காரர் கேக் வெட்டச் சொன்னார். பிள்ளை கத்தியைத் தொடவில்லை. “நோ அம்மா, அப்பா வரட்டும். ஐ கேன் வெயிட்.”

ஐந்தே முக்கால்

ஆறு மணிக்கு மண்டபத்தை ஒப்படைக்க வேண்டும். சோடனையைக் கழற்றி ஏற்றிவிட்டார்கள். கதிரைகளை அடுக்கியாயிற்று. அப்போது பின்கதவு திறந்தது. தகப்பன் நின்றார், தோளில் மழைத்துளியோடு. வெளியில் மழை விட்டு ஐந்து மணித்தியாலம்.

முகம் நிறையச் சிரிப்போடு, அழைக்க வந்தவராகக் கைகூப்பியபடியே நின்றார். தாய்மாமன் பெட்டியிலிருந்து எழும்பி அவரைக் கட்டிக்கொண்டு அழுதார். தகப்பன் அவருடைய தோளுக்கு மேலால் வெறும் மண்டபத்தை ஒரு தரம் பார்த்தார். “என்ன மச்சான், ஒருத்தரும் இன்னும் வரேல்லையோ?”

முந்நூற்று முப்பத்திரண்டு பேரை ஒரே ஒரு தரம் எண்ணி அனுப்பிய நான், கடைசியில் கேக்கைச் சுற்றி மிஞ்சி நின்றவர்களை மட்டும் பெயர் எழுதி மூன்று தரம் எண்ணினேன்: பிள்ளை, தாய், தகப்பன், மாமி, தாய்மாமன், என்னோடு சேர்த்து ஆறு.