வெண்ணெய் தடவாத ரொட்டி

இன்று காலை வெள்ளரிக்காயின் நுனியை வெட்டி, வெட்டிய துண்டாலேயே அதன் தலையைத் தேய்த்து நுரையெடுத்துக்கொண்டிருந்தேன். கசப்பு போகும் என்று செய்கிறோம். போகிறதா இல்லையா என்று இதுவரை யாரும் சோதித்துப் பார்த்ததில்லை. மகளின் கல்லூரித் தோழிகள் சாயங்காலம் வீட்டுக்கு வருவதாக இருந்தது. பஜ்ஜி போடட்டுமா என்று கேட்டதற்கு, நான் ஏதோ விஷம் வைக்கப் போவதுபோல என்னைப் பார்த்தாள். "எண்ணெய் ஐட்டம் எதுவும் வேணாம்மா, வெள்ளரிக்கா சான்ட்விச் பண்ணிடலாம்" என்று உத்தரவானது. சொன்னவள் போனைப் பார்த்துக்கொண்டே இன்னொன்றும் சொன்னாள்: "வெண்ணெய ஓரம் வரைக்கும் தடவணும்மா. இல்லன்னா காய் தண்ணி விட்டு ரொட்டி ஊறிடும்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கையில் கத்தியோடு நான் தனியாகச் சிரிப்பதைப் பார்த்து, "இன்னாம்மா ஆச்சு உனக்கு?" என்றாள். என்னவென்று சொல்வது? வெண்ணெய் எதற்கு என்ற இந்த ஒரு விஷயத்தை அன்றைக்கு யாராவது எங்களுக்குச் சொல்லிக்கொடுத்திருந்தால், ராஜியக்கா கடைசி வரை உள்ளறையிலேயே இருந்திருப்பாள்.

உங்களுக்கு ராஜியக்காவைத் தெரியாது. டைப்ரைட்டிங் லோயர் பரீட்சையில் இரண்டாவது முறையும் கோட்டை விட்டபிறகு, என் அப்பா என்னைக் கொண்டுபோய் ஆரணிக் கடைத்தெருவில் ஒரு பட்டுப்புடவைக் கடையில் சேர்த்துவிட்டார். அங்கே உள்ளறையில் புடவை மடிக்கிறவள் ராஜியக்கா. என்னைவிட ஏழெட்டு வயது மூத்தவள். முன்னறையில் சுவருக்குச் சுவர் வெள்ளை உறை போட்ட மெத்தை. செருப்பை வாசலில் விட்டுவிட்டு வாங்க வருகிறவர்களும் அதில்தான் உட்கார வேண்டும், காட்டுகிறவர்களும் அதில்தான். கலெக்டர் வீட்டு அம்மா வந்தாலும் தரையோடு தரையாகத்தான். எங்களைப் போன்ற பெண்பிள்ளைகளுக்கு உள்ளறையில் சிவப்புச் சிமெண்ட் தரை, மின்விசிறி, மடிக்க வேண்டிய புடவைக் குவியல்.

முன்னறையில் புடவை காட்டியவர் தணிகாசலம் அண்ணன். நல்ல மனுஷன்தான். ஆனால் எந்தப் புடவையை விரித்தாலும், "இது ஸ்பெஷல் அயிட்டம்மா" என்ற ஒரே பாட்டுத்தான். உள்ளே மடித்துக்கொண்டே ராஜியக்கா முணுமுணுப்பாள். "அந்தம்மா கறுப்பு பார்டர் வேணாம்னு அப்பவே சொல்ட்டாங்க. இவுரு இன்னும் அதையே விரிச்சிகினு கீறாரு." முன்னறையில் என்ன விலை போகும், எது திரும்ப மடிப்புக்கு வரும் என்று கதவிடுக்கு வழியாகக் கேட்டே சொல்லிவிடுவாள். அந்த மெத்தையில் ஒருநாள் உட்கார வேண்டும் என்பதைத் தவிர அவளுக்கு அந்தக் கடையில் வேறு ஆசை கிடையாது.

இரண்டு தடவை முதலாளியிடம் கேட்டும் பார்த்தாள். அவர் கோபக்காரர் இல்லை, அதனால்தான் அவரிடம் சண்டை போடவும் முடியாது. "உன்னால சட்டுனு எழுந்து மேல் தட்டுல இருந்து எடுக்க முடியாதும்மா. கூட்ட நேரத்துல பேஜாராயிடும்" என்பார். சின்ன வயதில் வந்த ஒரு காய்ச்சல், ராஜியக்காவின் இடது காலைச் சூம்ப வைத்துவிட்டுப் போயிருந்தது. உட்கார்ந்திருக்கும்போது ஒன்றும் தெரியாது. எழுந்து நடந்தால்தான் தெரியும்.

இப்படியிருக்கும்போது முதலாளி பம்பாய்க்குப் போய்விட்டு வந்தார். அங்கே ஒரு வியாபாரி வீட்டில் ரொட்டிக்கு நடுவே வெள்ளரிக்காய் வைத்துக் கொடுத்திருக்கிறார்கள். "கையில ஒண்ணுமே ஒட்டலப்பா! வேட்டியில தொடைக்கக் கூட வேலையில்ல" என்று வந்ததிலிருந்து அதே பேச்சு. அவருடைய ஆனந்தம் எங்களுக்குப் புரிந்தது. பட்டுக் கடையில் வடை கூடாது, போண்டா கூடாது, முறுக்குகூடக் கூடாது. வருகிறவர்களுக்கு டீயும் வாசற்படியோடு சரி. புடவையைத் தொடுவதற்கு முன் உள்ளங்கையைக் கன்னத்தில் வைத்துப் பார்த்துக்கொள்வது எங்கள் கடைப் பழக்கம். கையின் ஈரம் கைக்குத் தெரியாது, கன்னத்துக்குத்தான் தெரியும் என்பார் முதலாளி. அப்படிப்பட்டவருக்குக் கையில் ஒட்டாத பலகாரம் கிடைத்தால் விடுவாரா?

சென்னையிலிருந்து ஓர் அலுவலகத்துப் பெண்கள் வேன் பிடித்து வருவதாகத் தகவல் வந்தது. கூட வேலை செய்கிற பெண்ணுக்குக் கல்யாணம், ஆளுக்கொரு புடவையாவது எடுப்பார்கள். அவர்கள் பசியெடுத்து ஓட்டலுக்குக் கிளம்பிவிடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். "ரொட்டி, வெள்ளரிக்கா, உப்பு, மொளகுத்தூள். அவ்ளோதான்" என்றார் முதலாளி. நான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்காமல், "வெண்ணெய் தடவுவாங்களே மொதலாளி?" என்றேன். "வெண்ணெயா? பட்டுப் பக்கத்துலயா? அதுக்கு நீயே கடைய சாத்திட்டுப் போயிடு!"

பேக்கரியில் நான்கைந்து ரொட்டி கேட்டபோது கடைக்காரர் பதறிப்போய், "யாருக்கும்மா ஒடம்பு சரியில்ல?" என்றார். அப்போதெல்லாம் எங்கள் ஊரில் ரொட்டி என்றால் காய்ச்சல்காரர்கள் பாலில் தோய்த்துத் தின்கிற சமாசாரம். நான் பொட்டலத்தோடு உள்ளறைக்கு வந்ததும் ராஜியக்கா முகத்தைத் திருப்பிக்கொண்டாள். "அந்தப் பக்கம் வைடி. ரொட்டி வாசன வந்தாலே எனுக்குக் கால் ஞாபகம் வந்துடும்." அந்தக் காய்ச்சலில் மாதக்கணக்காக அவளுக்கு ரொட்டிதான் கொடுத்திருக்கிறார்கள். அதற்குப்பிறகு அவள் ரொட்டியைத் தொட்டதில்லை. ஆனாலும் அரிவாள்மனையை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்து, பஸ் ஸ்டாண்டில் கூடையில் விற்கிற பிஞ்சு வெள்ளரிக்காயைக் காகிதம் மாதிரி அரிந்துகொடுத்தாள். நான் அதில் தாராளமாக உப்புத் தூவி, ரொட்டிக்கு நடுவே அடுக்கி, முக்கோணமாக வெட்டி, காய்ந்துவிடக் கூடாதே என்று ஈரத்துணி வேறு போட்டு மூடினேன். என் சமையல் ஞானம் அப்போதே அவ்வளவு.

பதினோரு மணி வாக்கில் பெண்கள் வந்து மெத்தை முழுக்க உட்கார்ந்தார்கள். தணிகாசலம் அண்ணன் அரக்கு நிறத்தில் ஒரு முகூர்த்தப் புடவையை விரித்து, "இது ஸ்பெஷல் அயிட்டம்மா" என்று ஆரம்பிக்க, நான் பெருமையாகத் தட்டை நீட்டினேன். முதல் அம்மா ஒரு துண்டை எடுத்தார். மேல் ரொட்டி கையோடு வந்தது, கீழ் ரொட்டி தட்டிலேயே தங்கிவிட்டது. நடுவிலிருந்த வெள்ளரிக்காய் வழுக்கிக்கொண்டு போய் அவர் மடியில் விழுந்தது. கூடவே சொட்டுச் சொட்டாகத் தண்ணீர். "பொடவ! பொடவ!" என்று அலறிய தணிகாசலம் அண்ணன், விரித்திருந்ததை வாரி, பிள்ளையைத் தூக்குவதுபோல மார்போடு அணைத்துக்கொண்டார். வேனில் வந்த பெண்கள் சிரித்த சிரிப்பில் எதிர்க்கடை ஆட்கள் எட்டிப்பார்த்தார்கள். எனக்கு மட்டும் அழுகை.

முதலாளிக்கு முகம் வெளுத்துவிட்டது. பசியோடு இருப்பவர்களிடமிருந்து தட்டைப் பிடுங்கவும் முடியாது. "அம்மா, தப்பா நெனச்சிக்காம எல்லாரும் கொஞ்சம் உள்ள வந்துடுங்க" என்று கையெடுத்துக் கும்பிட்டு உள்ளறைக்கு அழைத்து வந்தார். வந்தவர்கள் சிமெண்ட் தரையில் வட்டமாக உட்கார்ந்து, ஊறிப்போன ரொட்டியைக் கரண்டி கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்கள். மிச்ச வெள்ளரித் துண்டுகளுக்கு ராஜியக்கா மிளகாய்த்தூள் தூவிக் கொடுத்தாள். அதைத்தான் சப்புக்கொட்டித் தின்றார்கள்.

அப்போது ஒரு பெண், ஓரத்தில் வெள்ளைத் துணி மேல் இருந்த குவியலைப் பார்த்து, "அது என்ன கலர்? முன்னாடி காட்டவே இல்லையே?" என்றாள். காலையில்தான் தறியிலிருந்து வந்த புடவை.

"கைய கழுவித் தொடச்சிகினு வாங்க, காட்றேன்" என்றாள் ராஜியக்கா. "கன்னத்துல வெச்சிப் பாருங்க. ஈரம் தெரியுதா?"

பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள்போல அத்தனை பேரும் கையைக் கன்னத்தில் வைத்துக்கொண்டு அவளைச் சுற்றி உட்கார்ந்தார்கள். அவள் ஸ்பெஷல் என்று எதையும் சொல்லவில்லை. யாருக்கு, என்ன நிறம், மாமியார் என்ன கட்டுவார் என்று பேச்சுக் கொடுத்தாள். முந்தானையை மட்டும் பிரித்துத் தன் தோளில் போட்டுக் காட்டினாள். பிடிக்காத முகத்தைப் பார்த்ததும் அதை மடியில் இறக்கிவிட்டு என் பக்கம் திரும்புவாள். "முன் ரூம்பு, மேல் தட்டு, மாம்பழக் கலர். ஜல்தி!" நான் ஓடுவேன். முன்னறைக்கும் உள்ளறைக்குமாக ஓடி ஓடி எனக்கு அழுகை மறந்துபோனது. மதியத்துக்குள் எல்லாருமே எடுத்துவிட்டார்கள். முதலாளி கதவருகே நின்று எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தார். வேன் கிளம்பிப் போனபிறகு ராஜியக்காவிடம், "நாளையிலருந்து முன்னாடி குந்தும்மா" என்றார். என்னைப் பார்த்து, "நீ எடுத்துக் குடு" என்றார். ராஜியக்கா தலையை மட்டும் ஆட்டினாள். அவர் போனதும் தட்டில் மிச்சமிருந்த ஊறிய ரொட்டியை எடுத்து வாயில் போட்டுக்கொண்டாள். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. ரொட்டியாலா, சந்தோஷத்தாலா என்று நான் கேட்கவில்லை.

அதற்கப்புறம் எத்தனையோ வருடம் அவள் அந்த மெத்தையில் ராணி மாதிரி இருந்தாள். அவளிடம்தான் எடுப்போம் என்று போளூரிலிருந்தும் தெள்ளாரிலிருந்தும் காத்திருந்து வாங்கிப் போனவர்கள் உண்டு. நான் எழுந்து எடுப்பேன், அவள் உட்கார்ந்து காட்டுவாள். வந்தவர்களில் பாதிப் பேருக்கு அவள் கால் விஷயமே தெரியாது.

முதலாளிக்குப் பிறகு அவர் மகன் கடையைப் புதுப்பித்தார். ஏசி வந்தது. மெத்தை போய்க் கண்ணாடி மேஜை வந்தது. வாங்குகிறவர்களுக்கு நாற்காலி, காட்டுகிறவர்கள் காலையிலிருந்து ராத்திரி வரை நிற்க வேண்டும். கெட்ட எண்ணத்தில் செய்ததில்லை, எல்லாக் கடையிலும் அப்படித்தான் மாறிக்கொண்டிருந்தது. ராஜியக்காவால் நிற்க முடியவில்லை. "உள்ள மடிக்கிற வேல இருக்குதுக்கா, அத பாத்துக்கோங்க" என்றார் மகன், மரியாதையாகத்தான். "அங்கருந்துதானப்பா வந்தேன்" என்று சொல்லிவிட்டு அவள் பையை எடுத்துக்கொண்டு போளூருக்குத் தம்பி வீட்டோடு போய்விட்டாள். அந்தக் கண்ணாடி மேஜையைத் துடைக்கும்போதெல்லாம் எனக்கு ஆத்திரமாக வரும். ஆனாலும் குடும்பம் இருந்தது, நின்றேன். என் முழங்கால் தேய்ந்து, போதும் என்று வீட்டில் சொல்லும் வரை நின்றேன்.

இதையெல்லாம் மகளிடம் சொல்ல முடியுமா? ரொட்டிக்கு ஓரம் வரை வெண்ணெய் தடவி வைத்துவிட்டு, ராஜியக்காவுக்குப் போன் போட்டேன். "பஸ் ஏறி வந்துடுக்கா." மூன்று மணிக்கெல்லாம் கம்பை ஊன்றிக்கொண்டு வந்துவிட்டாள்.

கூடத்தில் மகளின் தோழிகள் தட்டைக் கையில் பிடித்தபடி நின்றுகொண்டே சாப்பிட்டார்கள், நின்றுகொண்டே பேசினார்கள். "எங்கடி குந்தறது?" என்றாள் ராஜியக்கா. ஜன்னலோரம் பாய் போட்டேன். அவள் சுலபமாக உட்கார்ந்துவிட்டாள். என்னால்தான் கீழே உட்கார முடியவில்லை. ஒரு முக்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டேன். "இன்னாடி, நீ மேல குந்திகினு கீற?" என்று சிரித்தாள்.

ஒரு துண்டை எடுத்து நான்கு பக்கமும் திருப்பிப் பார்த்துவிட்டுச் சாப்பிட்டாள். "ஒண்ணுமே சொட்டல."

"வெண்ணெய் தடவியிருக்குதுக்கா."

"அப்ப பம்பாய்ல மொதலாளிக்குக் குடுத்ததுலயும் தடவித்தான் இருந்திருப்பாங்க."

"ஆமா."

"நல்லவேள, அவுரு அன்னிக்கு அத கவனிக்கல" என்றாள்.

இன்னொன்றையும் சாப்பிட்டு முடித்தாள். கையை முந்தானையில் துடைத்து, உள்ளங்கையைக் கன்னத்தில் வைத்துப் பார்த்தாள். பிறகு நிமிர்ந்து கூடத்தைச் சுற்றிலும் பார்த்தாள். அந்தப் பெண்கள் எல்லாரும் ஜீன்ஸும் சுடிதாரும். நான் கட்டியிருந்ததும் சாயம் போன காட்டன் புடவைதான். தொட்டுப் பார்க்க அங்கே ஒன்றும் இல்லை. கொஞ்ச நேரம் கையைக் கன்னத்திலேயே வைத்திருந்தாள். அப்புறம் அந்தக் காய்ந்த கையை என் முழங்கால் மேல் வைத்து, "ரொம்ப வலிக்குதாடி?" என்றாள்.