கடைசிச் சல்லடை

காகித ஆலையில் அவளுக்குப் பாம்புக்காது என்று பெயர். வைத்தவர் கிரேன் ஓட்டுநர். வைத்த நாளிலிருந்து ஆலையில் ஒருவரும் அவளுடைய சொந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டதில்லை. உண்மையில் அவள் காதால் கேட்பது குறைவு. உருளைகளைத் தாங்கும் பேரிங்குகள் ஒவ்வொன்றின் மேலும் ஓர் உணரி ஒட்டியிருக்கும். அவை அனுப்பும் அதிர்வுகளைக் கண்ணாடி அறைக்குள் உட்கார்ந்து கணினியில் பிரித்துப் பார்ப்பதுதான் அவள் வேலை. ஆலை முழுக்க ஓடும் இரைச்சலுக்கு நடுவில், ஒரு பேரிங்கில் மயிரிழை அளவு கீறல் விழுந்திருந்தாலும் கண்டுபிடித்துவிடுவாள். மூன்றாவது உருளையை இந்த வாரமே பாருங்கள் என்பாள். கழற்றிப் பார்த்தால் கீறல் இருக்கும். ஃபோர்மேன் தலையில் அடித்துக்கொண்டு, இவளை வைத்துக்கொண்டு ஒன்றையும் மறைக்க முடியாது என்பார்.

இப்பேர்ப்பட்டவள்தான் சொந்த அண்ணனின் தொண்டையில் விழுந்த கீறலை மாதக்கணக்காகக் கேட்டுக்கொண்டே இருந்து கோட்டை விட்டாள்.

அவளுடைய கணக்குக்கு வேவ்லெட் என்று பெயர், சிற்றலை என்றும் சொல்வார்கள். பெயரைக் கேட்டு மிரள வேண்டியதில்லை, சல்லடை என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரே ஒலியைப் பல சல்லடைகளில் போட்டுச் சலிப்பது. முதல் சல்லடையில் பெரிய கண், அதில் நீளமான உறுமல்கள் நிற்கும். அடுத்ததில் கொஞ்சம் சின்னவை. இப்படியே போய்க் கடைசிச் சல்லடையில் பொடிப்பொடியான உரசல்கள் வந்து சேரும். இரைச்சல் பெரும்பாலும் அந்தக் கடைசிச் சல்லடையில்தான் குவியும். அதில் சராசரியாக எவ்வளவு கிடக்கிறது என்று அளந்து, அந்த உயரத்தில் ஒரு கோடு போட்டு, கோட்டுக்குக் கீழே இருப்பதையெல்லாம் தூக்கி எறிந்துவிட்டு மிச்சத்தைச் சேர்த்தால் சுத்தமான ஒலி கிடைத்துவிடும். கோடு எங்கே விழ வேண்டும் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. அதைக் கணினி நிரலே அளந்து போட்டுக்கொள்ளும்படி எழுதி வைத்திருந்தாள். அதில் அவளுக்குக் கொஞ்சம் தலைக்கனமும் உண்டு.

இந்தப் படிப்பை அவளுக்கு வாங்கிக் கொடுத்தது அண்ணனின் தொண்டை. அப்பா அம்மா அடுத்தடுத்துப் போனபோது அவள் பள்ளிக்கூடத்தில் இருந்தாள். அண்ணன் மீன் சந்தையில் ஏலம் விட நின்றான். விடியற்காலையில் கூடைகள் வரிசையாக இறங்கும். ஈரத் தரையில் ரப்பர் செருப்போடு நின்று, நூறு பேர் கத்தும் இடத்தில் நூற்றியோராவது ஆளாக, எல்லோருக்கும் மேலே கேட்கும்படி கத்த வேண்டும். கத்திக் கத்தி அவன் குரல் தகரத்தில் ஆணி இழுத்த மாதிரி ஆகிவிட்டது. சந்தையில் அவனைத் தகரம் என்றே கூப்பிட்டார்கள். அவனும் அதைப் பட்டம் போலச் சுமந்து திரிந்தான். "என் தங்கச்சி கணக்குல பெரிய ஆளுப்பா" என்று வியாபாரிகளிடம் அதே கரகரப்பில் அவன் பீற்றிக்கொள்வதைக் கேட்டு அவள் வெட்கப்பட்ட நாட்கள் உண்டு.

அந்தக் குரலைக் கேட்டுத்தான் அண்ணி அவனைக் கட்டிக்கொண்டாள். அண்ணிக்கு ஏழு வயதில் பார்வை போய்விட்டது. பெரிய அலுவலகக் கட்டடம் ஒன்றில் தொலைபேசி இணைப்பகத்தில் வேலை. ஐஸ் லாரி வராத கோபத்தில் ஒருநாள் அண்ணன் தவறான எண்ணைச் சுழற்றி, எதிர்முனையில் யாரென்று கேட்காமலேயே வாய்க்கு வந்தபடி கத்தித் தீர்த்திருக்கிறான். கடைசிவரை பொறுமையாகக் கேட்டுவிட்டு அண்ணி, "முடிச்சிட்டீங்களா? இப்ப சரியான நம்பர் தரட்டுமா?" என்றாளாம். அதற்குப் பிறகு அண்ணன் வேண்டுமென்றே தப்பான எண்ணைக் கூப்பிட ஆரம்பித்தான். கல்யாணத்துக்கு வேறு காரணம் ஒன்றும் கிடையாது.

அவன் குரலில் புதிதாக ஏதோ உரசுகிறது என்று முதலில் சொன்னதும் அண்ணிதான். பழைய கரகரப்பு வேறு, இது அதற்கு உள்ளேயிருந்து வருகிறது என்றாள். அண்ணனும் தங்கையும் சேர்ந்து சிரித்தார்கள். தகரம் துருப்பிடித்துவிட்டது என்று தங்கை கேலி பண்ணினாள். சந்தை கொழுத்திருந்த சமயம், மருத்துவரைப் பார்க்கப் போவது தள்ளிக்கொண்டே போயிற்று. கடைசியில் போனபோது மருத்துவர் சுற்றி வளைக்கவில்லை. குரல்வளையை முழுக்க எடுத்தால்தான் ஆள் பிழைப்பான் என்றார்.

கண் தெரிந்த மனைவி என்றால் எழுதிக் காட்டலாம், சைகை செய்யலாம். இவளுக்கு என்ன செய்வது? அறைக்குள் அவன் இருக்கிறானா இல்லையா என்பதே அவளுக்குக் குரலால்தான் தெரியும். மருத்துவமனையிலேயே ஒருவர் வழி சொன்னார். எழுத்தைத் தட்டினால் பேசும் கருவி இருக்கிறது. ஆளின் பேச்சைப் போதுமான அளவு முன்கூட்டியே பதிந்து, இரைச்சல் இல்லாமல் கொடுத்தால், கருவி அவர் குரலிலேயே பேசும்படி ஒரு நிறுவனம் செய்து தரும். அண்ணி தங்கையின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"பாப்பா, எனக்கு அவரை வேற எப்படித் தெரியும்? நல்லாப் பதிஞ்சு குடுத்துடு."

அதையெல்லாம் நான் பார்த்துக்கொள்கிறேன் என்றாள் தங்கை. இரைச்சல் எடுப்பது அவளுக்குக் கைவந்த விஷயமாயிற்றே.

அறுவைச் சிகிச்சைக்கு முந்தைய வாரம் முழுக்க அண்ணன் வீட்டுப் படுக்கையறையில் பதிவு நடந்தது. ஜன்னலுக்குப் போர்வை கட்டினார்கள். எதிரொலிக்காமல் இருக்கத் துணி அலமாரியைத் திறந்து வைத்தார்கள். அறை புழுங்கியது. கழுத்து வீங்கியிருந்த அண்ணனுக்கு வியர்வை ஊற்றியது. பதிவைச் சோதித்துப் பார்க்கும்போதே அண்ணன் தலைக்கு மேல் சுற்றிய மின்விசிறியைப் பார்த்துவிட்டு, அதை நிறுத்தட்டுமா என்று கேட்டான். வேண்டாம் என்றாள் அவள். அவன் படும் பாட்டைப் பார்க்கச் சகிக்கவில்லை. தவிர, ஒரு மின்விசிறி எந்த மூலைக்கு?

நிறுவனம் கொடுத்திருந்த வாக்கியங்கள் ஒன்றுக்கொன்று சம்பந்தமில்லாதவை. மஞ்சள் குடை மாடியில் காய்கிறது என்று ஒன்று. அண்ணன் அதைப் படித்துவிட்டு, அந்தக் குடையையே ஏலம் விட ஆரம்பித்துவிட்டான். அண்ணி கதவுக்கு வெளியே நின்று விலை கேட்டாள். சிரிப்பு இருமலாக மாறி, அன்றைக்கு அதற்கு மேல் பதிய முடியவில்லை. அந்த வீட்டில் மூவரும் சேர்ந்து சத்தமாகச் சிரித்தது அதுதான் கடைசி.

அண்ணன் மருத்துவமனையில் கிடந்தபோது அவள் ஆலையின் கண்ணாடி அறையில் உட்கார்ந்து பதிவுகள் எல்லாவற்றையும் தன் நிரலில் போட்டாள். ஆலையில் ஒரு வழக்கம் உண்டு. உணரிகளிலிருந்து வெள்ளம்போல் தரவு வந்து கொட்டும், அத்தனையையும் வைத்துக்கொள்ள இடம் கிடையாது. அதனால் சுத்தம் செய்ததும் மூலப் பதிவை நிரலே அழித்துவிடும். அவளே எழுதிய வரிதான். வருடக்கணக்காகப் பழகியதில் அந்த வரி அங்கே இருப்பதே அவளுக்கு மறந்துபோயிருந்தது. நிரல் ஓடி முடிந்தது. நாலைந்து வாக்கியங்களைக் கேட்டுப் பார்த்தாள். மின்விசிறி மாயமாய் மறைந்திருந்தது. பளிங்கு மாதிரி இருந்தது குரல். இத்தனை வருஷத்தில் அண்ணன் இவ்வளவு தெளிவாகப் பேசிக் கேட்டதே இல்லை என்று நினைத்துச் சந்தோஷப்பட்டாள். பாவி, சந்தோஷப்பட்டாள்.

அவள் அனுப்பிய பதிவுகளை வைத்து நிறுவனம் செய்த கருவி வந்த அன்று அண்ணன் கழுத்தில் துளையும் கட்டுமாக நாற்காலியில் உட்கார்ந்திருந்தான். அண்ணி அடுக்களையில் பாத்திரம் அடுக்கிக்கொண்டிருந்தாள். கருவி வந்திருப்பதை வேண்டுமென்றே அவளிடம் சொல்லவில்லை. அண்ணன் கண்ணைச் சிமிட்டிவிட்டு மெதுவாகத் தட்டினான்.

"என்ன, இன்னும் வேலை முடியலையா?" என்றது கருவி.

அண்ணி ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு கதவருகில் வந்தாள். முகத்தில் விருந்தாளிக்கான சிரிப்பு இருந்தது.

"பாப்பா, யாரு வந்திருக்காங்க? உக்காரச் சொன்னியா?"

அண்ணனின் விரல்கள் கருவியின் மேலேயே நின்றுவிட்டன. என்ன நடந்திருக்கிறது என்பது அந்த நொடியே தங்கைக்கு விளங்கிவிட்டது. கடைசிச் சல்லடையில் கிடந்தது மின்விசிறி மட்டுமில்லை. அண்ணனின் கரகரப்பும் அங்கேதான் கிடந்தது, அவன் வாயைத் திறந்த ஒவ்வொரு முறையும், வாக்கியத்துக்கு வாக்கியம். நிரல் அளந்து பார்த்து, இங்கே இவ்வளவு இரைச்சல் இருக்கிறது என்று கோட்டை உயரத் தூக்கிவிட்டது. மின்விசிறியோடு சேர்த்து அண்ணனையும் வழித்து எறிந்துவிட்டது. சொல்லிக் கொடுத்தபடிதான் அது செய்தது.

ஆலைக்கு ஓடினாள். மூலப் பதிவுகள் இல்லை. ஒலிப்பதிவுக் கருவியின் நினைவக அட்டையை என்றைக்கோ துடைத்து வேறு வேலைக்குக் கொடுத்தாயிற்று. பழைய வீடியோக்களைத் தோண்டினாள். எல்லாம் சந்தையில் எடுத்தவை, நூறு பேர் கத்தலுக்குள் அண்ணன் ஒரு கையசைப்பாக மட்டும் இருந்தான். திரும்பி வந்து இருவர் முன்னாலும் நின்று நடந்ததைச் சொன்னாள். அண்ணன் எழுதிக் காட்டுவதற்கென்று வைத்திருந்த பலகையை எடுத்து, "பரவாயில்ல, புதுக் குரல் நல்ல விலைக்குப் போகும்" என்று எழுதிக் காட்டினான். அவளால் சிரிக்க முடியவில்லை.

அண்ணி அவள் பக்கம் முகத்தைத் திருப்பினாள். பிறகு கேட்டாள், கோபமாகக்கூட இல்லை.

"அதை அழுக்குன்னு நினைச்சிட்டியா பாப்பா?"

அதற்குப் பிறகு கருவியை அண்ணன் அலமாரியில் வைத்துப் பூட்டிவிட்டான். வேற்று ஆள் ஒருவன் வீட்டுக்குள் நின்று தன்னை உரிமையோடு கூப்பிடுவது போல் இருக்கிறது, உடம்பு கூசுகிறது என்று அண்ணி சொல்லிவிட்டாள். பார்வை போவதற்கு முன் அவள் எழுத்துப் படித்திருந்தாள். அண்ணன் அவள் உள்ளங்கையில் விரலால் எழுதுவான். ஒரு வாக்கியம் முடிவதற்குள் சோறு ஆறிவிடும். சண்டை போடுவதையே இருவரும் விட்டுவிட்டார்கள், உள்ளங்கையில் எழுதி எங்கே சண்டை போடுவது? கேலியும் நின்றது. பக்கத்து அறையிலிருந்து கூப்பிடுவது என்பதே அந்த வீட்டில் இல்லாமல் போயிற்று. அண்ணி நாற்காலிகளைத் தொட்டுத் தொட்டு அவனைத் தேடுவதைப் பார்க்கும்போதெல்லாம் தங்கை முகத்தைத் திருப்பிக்கொண்டாள். யாரும் அவளை ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை.

ஆலைக்குப் போனாள், வந்தாள். கீறல் கண்டுபிடிப்பதில் மட்டும் குறை வைக்கவில்லை. பழைய கணினியை மாற்றப் போகிறார்கள், வேண்டியதை எடுத்துக்கொள் என்று ஃபோர்மேன் சொன்ன அன்றுதான், நிரல் ஒதுக்கித் தள்ளும் கோப்புகளுக்கான மூலையைத் திறந்து பார்த்தாள். ஓர் ஒலியை அத்தனை சல்லடையிலும் போட வேண்டுமானால் அதற்கு ஒரு குறைந்தபட்ச நீளம் வேண்டும். அதற்கும் குட்டையானதை நிரல் தொடாது, சுத்தமும் செய்யாது, அழிக்கவும் செய்யாது, ஓரமாக வைத்துவிடும். எத்தனையோ உருப்படாத துணுக்குகளுக்கு நடுவில் ஒன்று அண்ணன் வீட்டில் பதிந்த தேதியில் இருந்தது. முதல் நாள் சோதனைப் பதிவு, மற்றவைபோல் நீளக் கோப்பு இல்லை. சேர்ந்தாற்போல் நாலைந்து வார்த்தை. இதை வைத்துக்கொண்டு புதுக் குரல் செய்ய முடியாது என்பது அவளுக்குத் தெரியும். அண்ணன் குரலில் உலகத்தில் மிச்சமிருந்தது அவ்வளவுதான்.

கேட்டாள். அதில் அண்ணனுக்குப் பிறகு அவள் குரலும் இருந்தது. அதை மட்டும் நறுக்கிவிடலாம், ஒரு நிமிட வேலை. கை போனது. இதுவரை வெட்டி எடுத்தது போதும் என்று தோன்றவே, அப்படியே கைப்பேசியில் ஏற்றிக்கொண்டு போனாள்.

அண்ணியும் அண்ணனும் அதே படுக்கையறையில் இருந்தார்கள். மேலே மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது. ஒரு சின்னத் துண்டு கிடைத்திருக்கிறது, இதை வைத்து ஒன்றும் செய்ய முடியாது, கேட்க மட்டும் கேளுங்கள் என்று சொல்லிவிட்டுக் கைப்பேசியை அண்ணியின் மடியில் வைத்து அழுத்தினாள்.

"பாப்பா, ஃபேனை நிறுத்தட்டுமா? இரைச்சலா கேக்குதே."

"வேணாம்ணா, இருக்கட்டும். அதையெல்லாம் நான் எடுத்துடுவேன்."

அதோடு முடிந்துவிட்டது. அண்ணியின் கை தானாக எழுந்து பக்கத்தில் இருந்தவனின் முகத்தைத் தேடிப் பிடித்தது. தாடையை, கன்னத்தை, கழுத்தைச் சுற்றியிருந்த கட்டை, எல்லாவற்றையும் தடவிப் பார்த்தாள். ரொம்ப நாளாக ஊருக்குப் போயிருந்தவன் திரும்பி வந்தால் பார்ப்பாளே, அப்படிப் பார்த்தாள். அவள் உதடு கோணியது.

"இவருதான்," என்றாள். "மறுபடி போடு பாப்பா."

தங்கை இரண்டாவது முறையும் போட்டாள். நிறுத்தட்டுமா என்று அண்ணன் கேட்டான். வேண்டாம் என்று அவள் சொன்னாள். மூன்றாவது முறை அண்ணி கைப்பேசியை எடுத்துக் காதோடு அழுத்திக்கொண்டு, சரியாகக் கேட்கவில்லையே, ஏதோ இரைகிறதே என்றாள்.

அண்ணன் எழுந்தான். சுவர் ஓரமாக நடந்து போய் மின்விசிறியை நிறுத்தினான். பிறகு திரும்பி வந்து அண்ணியின் பக்கத்தில் உட்கார்ந்து, மறுபடி போடச் சொல்லித் தங்கைக்குக் கையைக் காட்டினான்.