நடையை வைத்துச் சொன்ன ஆள்

உப்பளத்தில் முகத்தைப் பார்த்து யாரும் யாரையும் அடையாளம் சொல்வதில்லை. பதினோரு மணி வெயிலில் பாத்திகள் எல்லாம் வெளுத்துக் கண்ணைப் பறிக்கும். தலையோடு முகத்தையும் சேர்த்துத் துணி சுற்றியிருப்போம். வரப்பில் வருகிறவர்கள் கால் தரையில் படாமல் கானலில் மிதந்து வருவார்கள். நடையை வைத்துத்தான் இன்னார் என்று சொல்வோம். மரக்காணம் உப்பில் இருபது வருஷம் நின்றவள் நான். எனக்கு நடை தப்பாது என்று ஒரு திமிர் இருந்தது.

அந்தத் திமிரோடுதான் சாட்சிக் கூண்டில் ஏறினேன். என் வீட்டுக்காரரை யாரோ பின்னாலிருந்து உப்பு வாரும் பலகையால் அடித்துப் பாத்திக்குள் தள்ளிவிட்டுப் போயிருந்தார்கள். வலது கை அதோடு விளங்காமல் போயிற்று. அடித்தவனை அவர் பார்க்கவில்லை. நான்தான் தூரத்திலிருந்து பார்த்தேன். உடைந்த வரப்பின் மேல் ஒருவன் இடது காலை இழுத்து இழுத்து ரோட்டுப் பக்கம் போனான். பக்கத்துப் பாத்திக்காரன் எப்போதுமே அப்படித்தான் நடப்பான். முந்தின நாள்தான் மோட்டார் தண்ணிக்காக அவனுக்கும் இவருக்கும் வாய்த்தகராறு. அப்புறம் என்ன யோசனை? "அவன்தாங்க" என்று போலீசிடம் அடித்துச் சொல்லிவிட்டேன்.

"முகத்தைப் பார்த்தியாம்மா?" என்று கேட்டார் அவனுடைய வக்கீல்.

"இல்லீங்க. நடையைப் பார்த்தேன்."

அந்த ஒரு பதிலில் கேஸ் கவிழ்ந்தது. சந்தேகத்தின் பலனைக் கொடுத்து அவனை விடுதலை செய்துவிட்டார்கள். கோர்ட்டு வாசலிலேயே மண்ணை வாரித் தூற்றினேன். விளங்குவானா என்று கத்தினேன். அடுத்த மாதமே சென்னைக்கு பஸ் ஏறி, ஐகோர்ட்டில் அப்பீல் போட ஒரு வக்கீலம்மாவைப் பிடித்தோம்.

"விடுதலைய உடைக்கறது லேசு இல்லம்மா" என்றார் அவர். "குற்றம் நிரூபணம் ஆகறவரைக்கும் எல்லாருமே நிரபராதிதான். கீழ்க்கோர்ட்டும் விட்டுட்டா ரெண்டு மடங்கு நிரபராதி. அந்த ஜட்ஜ் பார்த்த மாதிரியும் இதைப் பார்க்கலாம்னு தோணுச்சுன்னா, மேல இருக்கறவங்க கை வைக்க மாட்டாங்க."

"நான் பொய் சொல்லலீங்களே!"

"பொய்னு யாரும் சொல்லலியே" என்றார்.

அப்பீல் கிடந்தது. மழை வந்து பாத்திகளை மூடியது, வடிந்தது, மறுபடி உப்பு பூத்தது. சாப்பிட்டுவிட்டுக் கொட்டகையில் கண் அசந்தால் போதும், அந்த நடை வந்துவிடும். எங்கு பார்த்தாலும் வெள்ளை. வானம் எது, தரை எது என்று தெரியாது. இடது காலை இழுத்தபடி அவன் முன்னால் போவான், நான் பின்னால் ஓடுவேன். முகத்தை மட்டும் காட்டவே மாட்டான். விழித்தபின் எது கனவு, எது நான் பார்த்தது என்று சற்றுநேரம் பிடிபடாது.

விசாரணைக்கு ஒரு மாதம் இருக்கும்போது, கஞ்சித் தூக்கோடு, அன்று பார்த்த அதே இடத்தில் நின்றிருந்தேன். அதே உடைந்த வரப்பில் ஒருவன் இடது காலை இழுத்துக்கொண்டு ரோட்டுப் பக்கம் போனான். அவனேதான் என்று நினைத்தேன். ரோடு ஏறியதும் அவன் தலைத்துணியை அவிழ்த்தான். என் வீட்டுக்காரர்! அவருக்குப் பின்னால் இரண்டு பெண்கள் போனார்கள். அவர்களும் அதே மாதிரி இழுத்து இழுத்து. தூக்கைக் கீழே வைத்துவிட்டுப் போய் நானே நடந்து பார்த்தேன். வரப்பின் இடது ஓரம் சேறு. யார் நடந்தாலும் கால் புதைந்து இழுபடுகிறது.

வீட்டில் சொன்னேன். "இப்ப வந்து மாத்திப் பேசாத. என் கைக்கு யாரு பதில் சொல்றது?" என்றார் அவர். நானும் வாயை மூடிக்கொண்டேன்.

விசாரணை நாளில் ஐகோர்ட்டின் குளிர்ந்த அறையில் பின்பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். வக்கீல்கள் பேசியது தண்ணீருக்கடியிலிருந்து வருவதுபோல் கேட்டது. நடுவில் நான் சொன்ன வாக்கியத்தை மட்டும் ஒரு நீதிபதி நிதானமாகப் படித்தார். முகத்தைப் பார்க்கவில்லை, நடையைப் பார்த்தேன். கீழ்க்கோர்ட்டு எடுத்த முடிவில் தலையிட ஒன்றுமில்லை, அப்பீல் தள்ளுபடி என்றார். எனக்கு அப்பாடா என்று இருந்தது. அப்படி இருந்ததற்கு வெட்கமாகவும் இருந்தது.

வெளியே பக்கத்துப் பாத்திக்காரன் என்னிடம் வந்தான். "அக்கா, எம் பொண்டாட்டி கேஸ் ஆரம்பிச்சப்ப அம்மா வீட்டுக்குப் போனவ. இன்னும் வரல. கோர்ட்டு ஆயிரம் சொல்லும், அந்தக்கா கண்ணால பார்த்தாங்களே, உப்பளத்துக்காரிக்கு நடை தப்புமாங்கறா."

"போன் போட்டுக் குடு" என்றேன்.

"நான்தாம்மா, சாட்சி சொன்னவ" என்றேன் அவளிடம். "நான் ஆளைப் பார்க்கலம்மா. அந்த வரப்புல யார் போனாலும் அப்படித்தான் இழுக்குது. உன் வீட்டுக்காரர்தான்னு என்னால சொல்ல முடியாது."

"இது உங்களுக்கு எப்பக்கா தெரிஞ்சுது?"

"ஒரு மாசம் ஆச்சு."

"அப்ப இன்னிக்கு எதுக்குக்கா கோர்ட்டுக்கு வந்தீங்க?" என்று கேட்டாள்.

அவன் ஜெயிலுக்குப் போனாலும் போகட்டும், என் கண் தப்பென்று ஆகிவிடக் கூடாது என்றுதான் வந்தேன். அதைச் சொல்லாமல் போனை அவனிடமே நீட்டினேன்.