மரியாளுக்குத் தமிழ் வாங்கிக் கொடுத்தவர்

சோளப்பொரியின் வெண்ணெய் வாசம் அம்மாவின் குளிர்ச்சட்டையில் எப்போதும் ஒட்டியிருக்கும். கிழக்கு லண்டன் பிளேஸ்டோவில் எங்கள் வீட்டுக்குக் கிட்ட இருந்த சிறிய சினிமாக் கொட்டகையில் அவர் "ஷிப்ட்" வேலை செய்துவந்தார். இரண்டாயிரங்களின் நடுவில், எனக்குப் பத்து வயதிருக்கும்போது, அவர் கொண்டுவந்த ஒரு படத்தின் விளம்பரத் தாளைக் கண்டு அப்பா துள்ளி எழுந்தார். நரைத்த தாடியும் கறுத்துப் பளபளத்த நெற்றியுமாக ஒரு மனிதர் அதில் நின்றார்.

"இது மன்னார் முகமெல்லே! எங்கட ஆக்கள் படம் எடுத்திட்டாங்கள்!"

அவ்வளவுதான். தாளில் எழுதியிருந்ததை வாசிக்க ஒருவருக்கும் பொறுமையில்லை. படம் பார்க்க வடக்கு லண்டன் எட்மண்டனிலிருந்து பெரியம்மா வந்தார். கோயில் நாடகம் பழக்கும் மாஸ்டரும் வந்தார். மாஸ்டர்மேல் எனக்கு அப்போது பொல்லாத கோபம். பெரிய வெள்ளிக்கான திருப்பாடுகளின் நாடகத்தில் மரியாள் வேடத்தை எனக்குத் தந்துவிட்டு, வசனம் முழுவதையும் ஆங்கிலத்தில் எழுதி வைத்திருந்தார். "லண்டன் பிள்ளையளுக்குத் தமிழ் ஏலாது" என்பது அவருடைய வேதவாக்கு. சிலுவையடியில் நின்று ஆங்கிலத்தில் அழுதால் எனக்குக் கண்ணீரே வருவதில்லை.

படம் தொடங்கியது. மன்னாருமில்லை, யாழ்ப்பாணமுமில்லை; ஆஸ்திரேலியப் பழங்குடி மக்களின் செம்மண் பூமி. அவர்கள் தங்கள் மொழியிலேயே பேச, கீழே ஆங்கில வரிகள் ஓடின. "என்னடி சொல்லுறாங்கள்?" என்று பெரியம்மா என் தொடையைக் கிள்ள, நான் வரிகளை வாசித்து வாசித்துத் தமிழில் சொல்லத் தொடங்கினேன். காணாமற்போன மகனைக் கூப்பிட்டுக்கொண்டே ஒரு தாய் நடக்கும் இடம் வந்தது. "என்ர ராசா, எங்கையடா போனாய்?" என்று நான் சொல்ல, எங்கள் வரிசை முழுவதும் மூக்கை உறிஞ்சியது. எனக்கோ அப்படியொரு சந்தோஷம்!

படம் முடிந்து விளக்குப் போட்டதும் அந்தத் தாடிக்கார நடிகரே திரைக்கு முன்னால் வந்து நின்றார். தாயின் அழைப்பை முதலில் ஆங்கிலத்தில்தான் எழுதியிருந்தார்களாம். எங்கள் ஊரில் எந்தத் தாயும் அப்படிக் கூப்பிடமாட்டாள், மாற்றாவிட்டால் நான் நடிக்கமாட்டேன் என்று அவர் சொல்லிவிட்டாராம். பிறகு ஊர்ப் பெண்களைக் கமராவுக்குப் பக்கத்தில் இருத்தி, அவர்கள் தலையாட்டினால்தான் அடுத்த காட்சியாம். இதையும் ஒரு சொல் விடாமல் நான்தான் தமிழாக்கினேன்.

மாஸ்டர் தொண்டையைச் செருமினார்.

"சரி, மரியாள் தமிழிலேயே அழட்டும். பெட்டை படம் முழுக்க மூச்சு விடாமல் கதைச்சிட்டாளே!"

"ஓம், மாஸ்டர்!" என்று நான் போட்ட சத்தத்தில் நடிகரே திரும்பிப் பார்த்துச் சிரித்தார். அந்தப் பெரிய வெள்ளியில் நான் அழுத அழுகைக்கு, சிலுவையில் தொங்கிய பொடியனே கண்ணைத் திறந்து பார்த்துவிட்டான்.

இன்று கொட்டகை இருந்த இடத்தில் அடுக்குமாடி வீடுகள். நாடகமும் நின்றுவிட்டது. போன வருடம் அந்த நடிகரும் இறந்துபோனார். இறந்தவரின் பெயரைச் சில காலம் சொல்லாதிருப்பது தங்கள் சனத்தின் வழக்கம், அதை மதியுங்கள் என்று அவருடைய குடும்பம் கேட்டிருந்ததைச் செய்தியில் வாசித்தேன். நாங்களோ செத்தவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு அழுகிற சனம். அவர் பெயர் எனக்கு வாய்வரை வந்தது, சொல்லாமலேயே அழுதேன்.